எல்மரின் இடது கையும் குறியீட்டுத் தூய்மைத் துறையும்

எல்மர் கொசியோலின் இடது கையில் சுண்டுவிரலும் மோதிரவிரலும் நீலமாகிக்கொண்டிருந்தன. இது எல்மருக்குத் தெரியும். அவன் மனைவி டார்லீனுக்குத் தெரியும். எங்கள் பெல்ப்ளேன் ஊரில் வெள்ளிக்கிழமை மீன் வறுவல் விருந்துக்கு வருகிற அத்தனை பேருக்கும் தெரியும். தெரியாத ஒரே இடம் இன்சூரன்ஸ் கம்பெனியின் குறியீட்டுத் தூய்மைத் துறை. அங்கே தெரியவேண்டுமானால் நீலத்துக்கு முதலில் ஓர் எண் வேண்டும்.

என் பெயர் கஸ் வெண்டார்ஃப். குழாய் ரிப்பேர் செய்கிறவன். எனக்குப் பொறுமை கிடையாது என்று ஊரில் சொல்வார்கள், உண்மைதான். வெள்ளிக்கிழமை மாலைகளில் எல்மரின் போல்கா நடன இசைக் குழுவில் டிரம் வாசிக்கிறேன். எல்மர் கான்சர்டினாக்காரன். அந்தத் துருத்திப் பெட்டியை மடியில் வைத்து இரண்டு கையாலும் இழுத்து, பொத்தான்களில் விரலை ஓடவிட்டான் என்றால், விஸ்கான்சினில் முழங்கால் வலியுள்ள எந்தக் கிழவரும் நாற்காலியில் உட்கார்ந்திருக்கமாட்டார். அப்படிப்பட்டவன் அக்டோபரில் ஒரு வெள்ளிக்கிழமை பாட்டின் நடுவே வாசிப்பை நிறுத்திவிட்டுக் கையை அக்குளில் வைத்துக்கொண்டான். டார்லீன் மீன் தட்டை அப்படியே வைத்துவிட்டு ஓடிவந்து, அந்த இரண்டு விரல்களையும் தன் உள்ளங்கைகளுக்கு நடுவே வைத்துத் தேய்க்க ஆரம்பித்தாள்.

"மறுபடியுமா?"

"கொஞ்சம்தான்."

"கொஞ்சமாம்! பொணத்தோட வெரல் மாதிரி இருக்கு. நாளைக்கே டாக்டர்கிட்ட போற. கஸ், நீ வண்டி ஓட்டு. இவனால ஸ்டியரிங்கைப் புடிக்க முடியாது."

இதற்கெல்லாம் மூலகாரணம் ஒரு பன்றித்தொடை.

எல்மர் வேலை பார்ப்பது சீஸ் ஆலையில். பெரிய சீஸ் கட்டிகளை அங்கே எஃகுக் கம்பியால் அறுப்பார்கள். ஆலை வாசலில் ஒரு பலகை உண்டு: 'விபத்தில்லாத நாட்கள்'. மான் வேட்டை தொடங்குவதற்கு முந்தின நாள்வரை அந்தப் பலகையில் எண் பூஜ்ஜியத்துக்குத் திரும்பாமல் இருந்தால், ஆளுக்கு ஒரு புகையிட்ட பன்றித்தொடை இனாம். அதை எடுத்துக்கொண்டுதான் எல்லாரும் காட்டுக் குடிலுக்குப் போவார்கள். போன வருஷம் வேட்டைக்குச் சில நாட்களே இருக்கும்போது எல்மரின் கம்பி அறுந்து, இடது உள்ளங்கையின் ஓரத்தைக் கிழித்துவிட்டது. அப்போது அங்கே நின்ற யாரும் எல்மரின் கையைப் பார்க்கவில்லை, பலகையைத்தான் பார்த்தார்கள். எல்மரும் பலகையைப் பார்த்தான். "கீறல்தாம்ப்பா" என்று சொல்லி, வெண்ணெய்த் தாளை வைத்து அழுத்தி, அட்டைப்பெட்டி ஒட்டுகிற டேப்பால் சுற்றிக்கொண்டு அடுத்த கட்டியை அறுக்கப் போனான். ஆலையே அவனை நன்றியோடு பார்த்ததாம். அந்தப் பன்றித்தொடையில் எனக்கும் பங்கு கிடைத்தது. உப்புக் கரித்தது.

டாக்டர் சோல்பெர்க் எங்கள் பக்கத்து ஆஸ்பத்திரியின் கை அறுவை நிபுணர். சுற்றி வளைத்துப் பேசாத பெண்மணி. கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, படம் எடுத்துப் பார்த்து, பெருமூச்சு விட்டார்.

"ரத்தக்குழாய் பாதி அறுந்து, தானா ஒட்டி, அடைச்சுப்போச்சு. முன்னங்கையில இருந்து ஒரு துண்டு எடுத்து மாத்திடலாம். வாசிக்கலாம், வேலை செய்யலாம். ஆனா ஏரி உறையறதுக்குள்ள பண்ணிடணும் எல்மர். குளிர் முத்தினா அந்த ரெண்டு விரலையும் நான்தான் வெட்டி எடுக்கணும். எனக்கு அதுல துளியும் இஷ்டமில்ல."

"ஏரி எப்ப உறையும்?" என்றான் எல்மர். இந்த ஊரில் பிறந்தவன் கேட்கிற கேள்வியா அது? பயந்துபோயிருந்தான்.

டாக்டர் அன்றைக்கே இன்சூரன்ஸுக்கு எழுதினார். பதில் மறுப்பாக வந்தது. அதற்குப் பிறகு எல்மரால் ஓரிடத்தில் உட்காரமுடியவில்லை. விடிந்ததும் ஏரிக்கரைக்குப் போய்த் தண்ணீரைப் பார்ப்பான். பிறகு என் கடைக்கு வந்து, உட்காரச் சொன்னால் உட்காராமல், குழாய்த் துண்டுகளை எடுத்து எடுத்து வைப்பான். அவன் நடப்பதைப் பார்த்து எனக்கும் கால் பரபரத்தது. "வா, நேர்லயே போய்க் கேட்டுடலாம்" என்று வண்டியில் ஏற்றினேன்.

இன்சூரன்ஸ் அலுவலகம் ஆஸ்பத்திரிக்கு நேர் எதிரே இருக்கிறது. முன்கூடத்தில் நுழைந்ததுமே எல்மர் நின்றுவிட்டான். சுவரில் ஒரு பலகை, சீஸ் ஆலையில் உள்ளதைவிடப் பெரியது, விளக்கெல்லாம் போட்டு: 'விபத்தில்லாத நாட்கள்'.

"உங்களுக்கும் பன்றித்தொடையா?" என்று ஜன்னலில் இருந்த அம்மாளிடம் கேட்டான்.

"வான்கோழி. கிறிஸ்துமஸுக்கு. மொத்த ஆபீசுக்கும், ஆளுக்கொண்ணு" என்றாள் அவள். பெயர் பெவர்லி. நல்லவள்தான், அந்தக் கட்டடம் அனுமதிக்கிற அளவுக்கு.

கணினியில் எல்மரின் பெயரைத் தட்டினாள். "உங்க டாக்டர் சரியாத்தான் அனுப்பியிருக்காங்க. கை ரத்தக்குழாய்க் காயம், இடது கை, கடைசி எழுத்து எஸ். எஸ்-னா காயம் ஆறிப்போச்சு, பின்விளைவு மட்டும் தங்கியிருக்குன்னு அர்த்தம்."

"ஆமா மேடம், தங்கியிருக்கு. இதோ." எல்மர் கையை ஜன்னல் வழியாக நீட்டினான்.

பெவர்லி அவசரமாக முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "கையெல்லாம் காட்டாதீங்க! நாங்க கையைப் பாக்கக் கூடாது. பாத்தா மனசு ஒரு பக்கமா சாஞ்சிடும்னு விதி இருக்கு."

"அப்ப என்னதான் பிரச்சினை?"

"காயம் புதுசா இருந்து வைத்தியம் நடந்தா ஏ. ஆறிக்கிட்டு இருந்தா டி. எல்லாம் முடிஞ்சு, மிச்சம் நின்னா எஸ். உங்க பேர்ல ஏ-யும் இல்ல, டி-யும் இல்ல. படியே ஏறாம மாடியில நிக்கறீங்க. எப்படி வந்தீங்கன்னு துறைக்குச் சந்தேகம்."

துறை என்றால் ராண்டால் ஃபென்ஸ்கே. குறியீட்டுத் தூய்மைத் துறையின் தலைவர். மெலிந்த, சுத்தமான மனிதர். அவர் மேசையில் தலையணை கனத்துக்கு ஒரு புத்தகமும், பனிக்கூர்போல் மேலே முனை ஒடுங்கிய ஒரு கண்ணாடி விருதும் இருந்தன. விருதில் 'துல்லியம்' என்று செதுக்கியிருந்தது. அவர் எங்களை உட்காரச் சொன்னார். எல்மர் உட்காரவில்லை. ஃபென்ஸ்கே அதைக் குறித்துக்கொண்டார்.

"மிஸ்டர் கொசியோல், இந்தப் புத்தகத்தைப் பத்தி வெளியில கேலி பேசறாங்க. எனக்குத் தெரியும். ஆமை கடிச்சா ஒரு எண், ஆமை வந்து மோதினா வேற எண். வாத்து மோதினாலும் உண்டு. கோழிக்கூண்டுல நடந்துச்சா, ஆபெரா அரங்கத்துல நடந்துச்சா, அதுக்கும் உண்டு. மனுஷனுக்கு வரக்கூடிய எல்லா வேதனையையும் முன்கூட்டியே யோசிச்சு வரிசைப்படுத்தியாச்சு. இதுக்கு வெளியில ஒரு வேதனை இருந்தா அது வேதனை இல்ல. அபிப்பிராயம்."

"என் விரல் நீலமா இருக்கு சார்."

"அது நிறத்தைப் பத்தின அபிப்பிராயம்."

நான் நாற்காலியின் கைப்பிடியை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். ஃபென்ஸ்கே ஒரு கோப்பிலிருந்து ஒரு படத்தை எடுத்து எங்கள் முன் வைத்தார். சீஸ் ஆலை அனுப்பியது. போன வருஷம் பன்றித்தொடை கொடுத்தபோது எடுத்த படம். எல்லாரும் வரிசையாக நிற்கிறார்கள். எல்மர் வலது கையில் தன் பங்குப் பன்றித்தொடையைத் தூக்கிப் பிடித்துச் சிரிக்கிறான். இடது கை முதுகுக்குப் பின்னால்.

"உங்க ஆலையில போன வருஷம் விபத்தே நடக்கல. பரிசே கொடுத்திருக்காங்க. எவ்வளவு சந்தோஷமா சிரிக்கறீங்க பாருங்க."

"அந்தக் கையை மறைச்சு வெச்சிருந்தேன் சார். ரத்தம் நிக்கல."

"படத்துல இல்லாத கையை நான் எப்படிப் பாக்கறது?"

வெளியே வந்ததும் நான் அந்த ஆளுக்குச் சில பெயர்கள் வைத்தேன். எல்மர் எதையும் காதில் வாங்கவில்லை. ஏரி ஓரத்தில், நாணல் பக்கமாக, கண்ணாடித்தாள்போல் முதல் பனி கட்டியிருந்தது. அதையே பார்த்துக்கொண்டிருந்தான்.

ஆனால் எங்கள் ஊர்க்காரர்கள் அப்படி விட்டுவிடுகிறவர்கள் அல்ல. போன வருஷத்துப் பன்றித்தொடை வயிற்றுக்குள் போய் ஜீரணமாகிவிட்டதால் இப்போது உண்மை பேசுவதில் யாருக்கும் நஷ்டமில்லை. அன்று கூட வேலை செய்த அத்தனை பேரும் வந்து சத்தியம் செய்தார்கள். கம்பி அறுந்ததைப் பார்த்தோம், ரத்தத்தைப் பார்த்தோம், டேப்பை எடுத்துக் கொடுத்ததே நான்தான் என்று ஒருவன் அழவே அழுதான். ஃபென்ஸ்கே எல்லாவற்றையும் கேட்டுவிட்டு எழுந்து நின்று எல்மரின் வலது கையைக் குலுக்கினார்.

"வாழ்த்துகள். உங்களுக்கு எஸ் கிடைச்சாச்சு."

டார்லீன் அன்றைக்கு உருளைக்கிழங்கும் மாட்டிறைச்சியும் போட்டு ஒரு பெரிய பாத்திரம் நிறையச் சமைத்தாள். என்னையும் கூப்பிட்டாள். சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே டாக்டர் சோல்பெர்க்கிடமிருந்து போன் வந்தது. அறுவை சிகிச்சை மறுபடியும் மறுக்கப்பட்டுவிட்டது. காரணம்: எஸ்.

மறுநாள் காலை கதவு திறக்கும் முன்பே நாங்கள் ஃபென்ஸ்கேயின் வாசலில் நின்றோம். அவர் கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

"இதுல புரியாததுக்கு என்ன இருக்கு? எஸ்-னா முடிஞ்சுபோன கதை. முடிஞ்சதுக்கு யாராவது ஆபரேஷன் பண்ணுவாங்களா? ஆபரேஷன் வைத்தியம் நடக்கற காயத்துக்குத்தான். அதாவது ஏ-க்கு."

"விரல் செத்துக்கிட்டிருக்கு சார்."

"செத்ததும் சொல்லுங்க." ஃபென்ஸ்கேயின் குரலில் உண்மையாகவே கனிவு வந்தது. "விரல் இல்லாமைக்கு அருமையான எண் இருக்கு. எந்தக் கை, எந்த விரல், எல்லாம் தெளிவா. ஒரு சந்தேகத்துக்கும் இடமில்ல. உங்களுக்கும் நிம்மதி, எங்களுக்கும் நிம்மதி."

எல்மர் தன் கையைப் பார்த்தான். பிறகு, "ஏ கெடைக்கணும்னா என்ன செய்யணும்?" என்று கேட்டான்.

"புதுசா காயம் படணும். ஆனா நீங்களா வேணும்னு பண்ணிக்கக் கூடாது. அதுக்குத் தனி எண். அதுக்கு நாங்க பணம் தர்றதில்ல. இயற்கையா, எதிர்பாராம, நல்ல மனசோட படணும்."

இதை நான் டார்லீனிடம் சொல்லியிருக்கக் கூடாது. சொன்னேன். அன்று மாலைக்குள் அந்த வீட்டில் இருந்த கத்திகள் அத்தனையும் காணாமல் போயின. கோழி வெட்டுகிற கத்தி, ரொட்டிக் கத்தி, வெண்ணெய் தடவுகிற மழுங்கல் கத்தி, சவர பிளேடு, பாட்டில் திறப்பான்கூட. எல்மர் தாடியும் மீசையுமாக, மான் இறைச்சியை ஸ்பூனால் பிய்த்துத் தின்றுகொண்டிருந்தான். அவன் ஜன்னலருகே போனால் டார்லீன் ஜன்னலருகே போவாள். அவன் கொட்டகைக்குப் போனால் இவள் கொட்டகை வாசலில் நிற்பாள்.

"பாத்ரூமுக்குப் போறேன் டார்லீன்."

"கதவைத் தொறந்து வெச்சுக்கோ."

"நான் அப்படியெல்லாம் செய்யமாட்டேன்டி."

"நீயா? பன்றித்தொடைக்காகக் கையைக் கொடுத்தவன் நீ. கைக்காக எதைக் கொடுப்பியோ யார் கண்டா?"

அவள் சமையலறைக்குள் போய் அழுதாள். எனக்கு அங்கே நிற்கவும் முடியவில்லை, கிளம்பவும் முடியவில்லை. ஏரியில் பனி நடுவரைக்கும் போய்விட்டது. ஆட்கள் துளை போட்டுக் கனம் பார்க்கத் தொடங்கிவிட்டார்கள். இன்னும் சில நாளில் மீன்பிடிக் குடில்களைப் பனிமேல் இழுத்துக்கொண்டு போவார்கள். எல்மரின் சுண்டுவிரல் நுனியில் மிளகு அளவுக்கு ஒரு கறுப்பு தெரிந்தது.

டாக்டர் சோல்பெர்க் சண்டை போட்டுக் கடைசியாக ஒரு மறுபரிசீலனைக் கூட்டம் வாங்கித் தந்தார். நாங்கள் மூன்று பேரும் போனோம். நீண்ட மேசை. ஒரு பக்கம் ஃபென்ஸ்கேயும் அவர் துறை ஆட்களும், ஒவ்வொருவர் முன்னாலும் அந்தத் தலையணைப் புத்தகம். மறுபக்கம் நாங்கள். டார்லீன் உட்காரும் முன்பே தொடங்கிவிட்டாள்.

"ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, யாராவது ஒருத்தர் இவர் கையைத் தொட்டுப் பாருங்க. ஐஸ்கட்டி மாதிரி இருக்கு. அப்புறம் எந்த எழுத்தை வேணும்னாலும் போட்டுக்கோங்க."

துறை ஆட்கள் புத்தகத்தைப் பார்த்தார்கள். ஃபென்ஸ்கே எழுந்தார். தன் கண்ணாடி விருதைக் கையில் எடுத்துக்கொண்டார். பேசும்போது அதைப் பிடித்துக்கொள்வது அவர் வழக்கமாம். இது பெவர்லி எங்களுக்குப் பிற்பாடு சொன்னது. அவர் பேசத் தொடங்கினார்:

"அம்மா, உங்க வருத்தம் எனக்குப் புரியுது. புரியறதாலதான் அதுக்கு இடம் கொடுக்காம இருக்கேன். எங்க துறைக்கு ஏன் தூய்மைன்னு பேர் தெரியுமா? இங்க எந்த மனுஷனும் உள்ள வர்றதில்ல. எண் மட்டும்தான் வரும். இன்னைக்கு ஒரு கைக்கு இரக்கப்பட்டா நாளைக்கு எல்லாக் கைக்கும் இரக்கப்படணும். அப்புறம் இந்த விருது எதுக்கு? இத்தனை வருஷத்துல நான் ஒரு நோயாளியைக்கூடத் தொட்டதில்ல, ஒரு தப்புகூடப் பண்ணினதில்ல. ரெண்டும் ஒரே விஷயம்தான். என் கை சுத்தமா இருக்கு!"

என்று சொல்லிக் கையை உயர்த்தினார். விருது நழுவி மேசை விளிம்பில் விழுந்து உடைந்தது. பதறிப்போய், விழுந்துகொண்டிருந்த துண்டைக் காற்றிலேயே பிடித்தார். இடது கையால்.

அவ்வளவு ரத்தத்தை நான் மான் வேட்டையில்தான் பார்த்திருக்கிறேன். ஃபென்ஸ்கே தன் உள்ளங்கையைப் பார்த்தார். அது தன்னுடையதுதானா என்று சந்தேகப்படுவதுபோல் பார்த்தார். துறை முழுவதும் ஒரே நேரத்தில் புத்தகத்தைத் திறந்தது.

"கண்ணாடிதானே? கூரான கண்ணாடி, பக்கம்..."

"கண்ணாடி எப்படி? விருது! அலங்காரப் பொருள்ல தேடு."

"இடம் என்ன போடறது? ஆபீஸ் கட்டடமா, கூட்ட அரங்கமா?"

"ஏ!" என்றார் ஃபென்ஸ்கே, சுவரில் சாய்ந்தபடி, வெளுத்த உதடுகளோடு. ஒரு சந்தோஷம்கூட இருந்தது அந்தக் குரலில். "முதல் வருகை! ஏ போடுங்க!"

யாரும் அவரைத் தொடவில்லை. எல்மர்தான் மேசையைச் சுற்றி ஓடினான். தன் இடது உள்ளங்கையை ஃபென்ஸ்கேயின் காயத்தின் மேல் வைத்து, வலது கையால் இரண்டையும் சேர்த்து இறுக்கினான். "கஸ், வண்டி!" என்றான். டார்லீன் ஃபென்ஸ்கேயின் டையை உருவி அவர் கையில் சுற்றிக் கட்டினாள். தெருவைக் கடப்பதுதான், ஆனாலும் வண்டியில் ஏற்றினேன். பெவர்லியும் துறையும் கோட்டுகூடப் போடாமல் பின்னால் ஓடிவந்தார்கள், ஒருவன் கையில் புத்தகத்தோடு.

அவசரப் பிரிவின் ஜன்னலில் இருந்த பெண் இதைத்தான் பார்த்தாள்: முழங்கைவரை ரத்தத்தில் நனைந்த இடது கையோடு, தாடியும் மீசையுமாக ஓர் ஆள். பக்கத்தில் கோட்டுக்குள் கையை ஒளித்துக்கொண்டு, நேராக நின்று, கணீரென்று சொல்லிக்கொண்டிருக்கும் ஓர் அதிகாரி.

"எழுதிக்கோம்மா. இடது உள்ளங்கை. ரத்தக்குழாய்க் காயம். உடைந்த கண்ணாடி. அலுவலகக் கட்டடம். முதல் வருகை. கடைசி எழுத்து ஏ. ஒரு எழுத்துகூட மாறக் கூடாது. நான் குறியீட்டுத் தூய்மைத் துறைத் தலைவர்."

"சரிங்க சார்" என்றாள் அந்தப் பெண். இப்படிப் பளிச்சென்று யாரும் அவளுக்குச் சொன்னதில்லைபோலும். மடமடவென்று தட்டினாள். "நோயாளியோட இன்சூரன்ஸ் அட்டை?"

எல்மரின் அட்டை எப்போதும் என் சட்டைப் பையில்தான் இருக்கும். இத்தனை நாள் எந்த ஜன்னலில் கேட்டாலும் எடுத்து நீட்டி எனக்குப் பழகிவிட்டது. நீட்டினேன். அவள் ஒரு பட்டையை அச்சடித்து எல்மரின் மணிக்கட்டில் மாட்டினாள். அப்போதுதான் என்ன நடந்தது என்று எனக்குப் புரிந்தது. நான் வாயைத் திறக்கவில்லை. எனக்கு அதில் கொஞ்சமும் வருத்தமில்லை.

ஃபென்ஸ்கேவுக்கும் புரிந்துவிட்டது. துல்லியக்காரர் அல்லவா. "ஒரு நிமிஷம்மா, தப்பு நடந்திருக்கு. காயம்பட்டது..." என்று ஆரம்பித்தார்.

"சார்" என்றாள் பெவர்லி மெதுவாக. "பலகை."

அவர் திரும்பிப் பார்த்தார். அவருடைய துறை மொத்தமும் வாசலில் நின்றுகொண்டிருந்தது. காயம்பட்டவன் வெளியாள் என்றால் பலகைக்கு ஒன்றும் ஆகாது. ஊழியர் என்றால் பூஜ்ஜியம். கிறிஸ்துமஸுக்கு இன்னும் கொஞ்ச நாள்தான். எல்லாரும் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். எல்மரும் பார்த்தான்.

"சொல்லுங்க சார், யாருக்குக் காயம்?" என்றாள் ஜன்னல் பெண்.

"வேண்டாம் சார்" என்றான் எல்மர் சட்டென்று. "நான் செஞ்சதைச் செய்யாதீங்க. உண்மையைச் சொல்லிடுங்க."

டார்லீன் அவனை முறைத்த முறைப்பில் நானே பின்வாங்கினேன். ஃபென்ஸ்கே கோட்டுக்குள் இருந்த கையை இன்னும் உள்ளே தள்ளிக்கொண்டார்.

"எனக்கு ஒண்ணுமில்லம்மா. கீறல்தான். நான் கூட வந்தவன்."

துறை அவரை நன்றியோடு பார்த்தது. பெவர்லி முதலுதவிப் பெட்டியிலிருந்து கொஞ்சம் பஞ்சும் காகித டேப்பும் வாங்கி அவருக்கு ஒட்டிவிட்டாள்.

டாக்டர் சோல்பெர்க் உள்ளே எல்மரின் கையைக் கழுவினார். மறுபடியும் கழுவினார். காயத்தைத் தேடினார். மணிக்கட்டுப் பட்டையைப் படித்தார். கடைசி எழுத்தைப் பார்த்ததும் நிமிர்ந்து என்னைப் பார்த்தார்.

"காயம் எங்க கஸ்?"

"உள்ள இருக்கு டாக்டர்."

அவர் கறுத்துப்போன அந்த மிளகளவு நுனியைக் கட்டைவிரலால் தடவினார். "உள்ள இருந்தா உள்ள போய்த்தான் பாக்கணும்" என்று சொல்லி, அறுவை அறையைத் தயார் செய்யச் சொன்னார்.

அந்த வாரமே ஏரி முழுக்க உறைந்தது. இன்சூரன்ஸ் கம்பெனி எல்லாவற்றுக்கும் மறுபேச்சில்லாமல் ஒப்புதல் கொடுத்தது. கூடவே ஒரு பாராட்டும் வந்தது: எல்மருடைய பதிவு துல்லியத்துக்கு முன்மாதிரி என்று துறை தேர்ந்தெடுத்திருக்கிறதாம். டார்லீன் கத்திகளை எல்லாம் வெளியே எடுத்தாள். பாட்டில் திறப்பான் மட்டும் இன்றுவரை அகப்படவில்லை.

பிப்ரவரியில் ஒரு வெள்ளிக்கிழமை எல்மர் மறுபடி கான்சர்டினாவைத் தூக்கிக்கொண்டு வந்தான். விரல்கள் பழைய வேகத்துக்கு வரவில்லை, ஆனால் சிவப்பாக இருந்தன. அது போதாதா? கூட்டம் நிரம்பி வழிந்தது. நான் டிரம்மைச் சரிபார்த்துக்கொண்டிருந்தபோது, மூலை மேசையில் ஃபென்ஸ்கே தனியாக உட்கார்ந்திருப்பதைக் கண்டேன். மீன் தட்டைத் தொடவில்லை. உள்ளே அவ்வளவு சூடாக இருந்தும் இடது கையில் கையுறை. அந்தக் கையை அக்குளில் வைத்துக்கொண்டிருந்தார்.

எல்மரும் பார்த்துவிட்டான். பெட்டியைக் கீழே வைத்துவிட்டு அங்கே போனான். நானும் பின்னாலேயே போனேன், நாலு வார்த்தை சொல்லலாமென்று.

"வான்கோழி எப்படி இருந்துச்சு சார்?" என்றான் எல்மர்.

"காஞ்சுபோயிருந்துச்சு."

"கை?"

"கைக்கு என்ன? ஒண்ணுமில்ல. எனக்கு அடியே படல எல்மர். நானே பதிவை எடுத்துப் பாத்தேன். ரெண்டு தடவை பாத்தேன். சுத்தமா இருக்கு." அக்குளில் இருந்த கையை இன்னும் இறுக்கிக்கொண்டார். "ராத்திரியில மட்டும் கொஞ்சம் ஒரு மாதிரி... அது அபிப்பிராயம்தான்."

சொல்ல நினைத்து வந்த நாலு வார்த்தையையும் நான் விட்டுவிட்டேன். எல்மர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். ஃபென்ஸ்கேயின் கையுறையை ஒவ்வொரு விரலாகப் பிடித்து உருவினான். உள்ளே இரண்டு விரல்கள் மெழுகுபோல் வெளுத்திருந்தன. டார்லீன் அவனுக்குச் செய்வதுபோலவே, அவற்றைத் தன் உள்ளங்கைகளுக்கு நடுவே வைத்துத் தேய்க்கத் தொடங்கினான்.

"இதை என்னன்னு பதிவு பண்றது..." என்றார் ஃபென்ஸ்கே, கண்ணை மூடிக்கொண்டு.

"பேசாம இருங்க சார்."

கூட்டம் பொறுமையிழந்து மேசையைத் தட்டியது. மீன் ஆறிக்கொண்டிருந்தது. நானாக இருந்தால் அப்போதே எழுந்து வந்திருப்பேன். அந்த விரல்களில் ரத்தம் ஏறிச் சிவக்கும்வரை எல்மர் எழுந்திருக்கவில்லை.